இரவு நேர டிவிக்கு ஜோக் எழுதும் வேலை: நியூஜெர்சி வாசகிக்குப் பதில்

திருச்சியில் பொறியியல் முடித்துவிட்டு நியூஜெர்சியில் கணினி அறிவியல் எம்.எஸ். படிக்கும் 25 வயது வாசகி ஒருவரின் கடிதம் இது. தினமும் இரவு ஸ்டீபன் கோல்பேர், செத் மேயர்ஸ் ஆகியோர் தொகுத்து வழங்கும் அமெரிக்க நகைச்சுவைப் பேச்சு நிகழ்ச்சிகளைப் பார்ப்பதாகவும், ஃபோனில் நானூறு ஜோக்குகள் வரை சேர்த்து வைத்திருப்பதாகவும் எழுதியிருக்கிறார். "இந்த நிகழ்ச்சிகளில் எழுத்தாளராகச் சேர என்ன வழி? படிப்பை விட்டுவிடலாமா? ஆங்கிலம் தாய்மொழி இல்லை என்பது குறையா? எழுத்தைவிடத் தயாரிப்புப் பக்கம் நுழைவது சுலபமா? என் நீளமான பெயரைச் சுருக்க வேண்டுமா?" என்பவை அவர் கேள்விகள்.

அன்புள்ள சகோதரிக்கு, வணக்கம்.

படிப்பை விடாதீர்கள். காரணத்தை விசா பற்றிச் சொல்லும்போது விளக்குகிறேன். ஆங்கிலம் பெரிய தடையில்லை. வேகம்தான் தடை. நானூறு ஜோக்குகளைச் சேர்க்க உங்களுக்கு எத்தனை மாதம் ஆனதோ தெரியாது. இந்த வேலையில் மோனோலாக், அதாவது நிகழ்ச்சியின் தொடக்கத்தில் தொகுப்பாளர் தனியாகச் சொல்லும் ஜோக் வரிசை, எழுதுபவர் காலையில் உட்கார்ந்தால் மதியத்துக்குள் முப்பது, நாற்பது ஜோக்குகளை அனுப்பிவிட வேண்டும். மறுநாளும் அதே அளவு. அவற்றில் இரண்டு மூன்று நிகழ்ச்சியில் வந்தாலே நல்ல நாள். ஆகவே உங்கள் சேமிப்பை அப்படியே ஓரமாக வையுங்கள். அதில் பெரும்பாலானவை பழைய செய்தியைப் பற்றியவையாக இருக்கும், பழைய செய்திக்கு இந்தத் தொழிலில் மதிப்பே கிடையாது.

ஒரு நாள் எப்படிப் போகிறது என்று பார்த்தால் இது புரியும். நேரங்கள் நிகழ்ச்சிக்கு நிகழ்ச்சி மாறும், வரிசை மாறாது. எழுத்தாளர்கள் வருவதற்குள் ஆய்வாளர்களும் உதவியாளர்களும் முந்தைய இரவின் தலைப்புச் செய்திகளையும் வீடியோ துண்டுகளையும் திரட்டி அனுப்பியிருப்பார்கள். ஒன்பது, ஒன்பதரைக்குக் கூட்டம். அங்கே அன்றைய முக்கியச் செய்தி எது, எந்தக் கோணம் என்று முடிவாகும். பிறகு அவரவர் அறைக்குப் போய் எழுதுவார்கள். மதியத்துக்குள் எல்லா ஜோக்கும் எழுத்தாளர்களின் தலைவரான ஹெட் ரைட்டரிடம் போய்ச் சேரும். அவர் பொறுக்கி அடுக்கியதைத் தொகுப்பாளர் படித்து அடிப்பார், மாற்றுவார். மூன்று மணி வாக்கில் ரிஹர்சல். சில நிகழ்ச்சிகளில் ஸ்டுடியோவைச் சுற்றிப் பார்க்க வந்தவர்களையே உட்காரவைத்து மோனோலாக்கைச் சோதித்துப் பார்ப்பதும் உண்டு. சிரிப்பு வராததை வெட்டிவிட்டு அவசரமாகத் திருத்தி எழுதுவார்கள். திருத்தியது, தொகுப்பாளர் பார்த்துப் படிப்பதற்காகப் பிடிக்கும் கியூ கார்டிலோ டெலிபிராம்ப்டர் திரையிலோ ஏறும். ஐந்து, ஆறு மணிக்குப் படப்பிடிப்பு. 'லேட் நைட்' என்று பெயரே தவிர, பெரும்பாலானவை மாலையில் பதிவு செய்து எடிட் செய்து இரவு 11.35க்கோ 12.35க்கோ ஒளிபரப்பாகிறவைதான். நேரலையாகப் போகும் 'சாட்டர்டே நைட் லைவ்' தனி ரகம். அங்கே ஒரு முழு வாரமும் சனிக்கிழமை இரவை நோக்கி ஓடும்.

இப்படி ஓடும் நாளில் நல்ல ஜோக் ஏன் சாகிறது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். மூன்று மணிக்குப் பெரிய செய்தி வெடித்தால் காலை எழுதியது போயிற்று. நீங்கள் கிண்டல் செய்த நடிகரே அன்றைய விருந்தாளியாக இருக்கலாம். வீடியோ துண்டைப் பயன்படுத்தச் சட்டப் பிரிவு ஒப்புக்கொள்ளாமல் போகலாம். சேனலின் தரக் கண்காணிப்புப் பிரிவு ஒரு சொல்லை எடுக்கச் சொல்ல, அந்தச் சொல்தான் ஜோக்காக இருக்கும். எல்லாம் சரியாக இருந்தும் தொகுப்பாளர் வாயில் அது உட்காராமல் போகலாம். இதற்கெல்லாம் வருந்த நேரமிருக்காது, அடுத்ததை எழுத வேண்டும். ரோஷம் மிகுந்தவர்களை இந்த வேலை சீக்கிரம் நொறுக்கிவிடும்.

இனி எழுதும் முறை. ஓர் உதாரணம் எடுத்துக்கொள்வோம். 2026 ஜனவரியில் நியூயார்க் சப்வே கட்டணம் 2.90 டாலரிலிருந்து 3 டாலர் ஆனது. தாளை இரண்டாகப் பிரித்துக்கொள்ளுங்கள். இடப்பக்கம் சப்வே என்றதும் எல்லோருக்கும் தோன்றுவது: எலி, தாமதம், நெரிசல் நேரத்திலும் காலியாக வரும் அந்த ஒரு பெட்டி, பெட்டிக்குள் கம்பியைப் பிடித்துச் சுழன்று ஆடும் பையன்கள், யாருக்கும் விளங்காத ஒலிபெருக்கி. வலப்பக்கம் கட்டண உயர்வு என்றதும் தோன்றுவது: 10 சென்ட், சில்லறை, முன்னறிவிப்பு, சேவை மேம்படும் என்ற வாக்குறுதி. இப்போது இந்தப் பக்கத்தில் ஒன்றையும் அந்தப் பக்கத்தில் ஒன்றையும் முடிச்சுப் போட்டுப் பாருங்கள். ஒலிபெருக்கியையும் முன்னறிவிப்பையும் சேர்த்தால் இப்படி வரும்:

"சப்வே கட்டணம் 3 டாலர் ஆகிவிட்டது. ஒரு மாதமாகவே ஸ்டேஷன் ஒலிபெருக்கியில் அறிவித்துக்கொண்டிருந்தார்களாம். அதனால்தான் யாருக்கும் தெரியவில்லை."

இதில் கவனிக்க மூன்று உண்டு. முதல் வரி வெறும் செய்தி. அதில் கிண்டல் கலந்தால் பார்வையாளருக்குத் தகவல் தெளிவாகப் போய்ச் சேராது, பிறகு வரும் திருப்பமும் வீணாகும். அடுத்து, ஒலிபெருக்கி புரியாது என்பதை நாம் சொல்லவே இல்லை. அதைக் கேட்பவர் தானாக நிரப்பிக்கொள்கிறார், சிரிப்பு அங்கேதான் பிறக்கிறது. "அந்த ஒலிபெருக்கியில் பேசுவது யாருக்கும் புரியாது இல்லையா" என்று ஒரு வரி சேர்த்துப் பாருங்கள், ஜோக் செத்துவிடும். கடைசியாக, திருப்பம் தரும் சொல் வாக்கியத்தின் இறுதியில் இருக்கிறது. ஆங்கிலத்தில் எழுதும்போது இதற்குத் தனியாக மெனக்கெட வேண்டும். திருப்பச் சொல்லுக்குப் பின்னால் 'நேற்று', 'நியூயார்க்கில்' என்று ஏதாவது தொங்கிக்கொண்டிருந்தால், சிரிக்க வாய் திறந்தவர் அதைக் கேட்பதற்காக மூடிக்கொள்வார். தொங்குவதை முதல் வரிக்கு மாற்றுங்கள்.

எலியைத் தொடாதீர்கள். அது முதலில் தோன்றும் கோணம், அதனாலேயே எல்லோருக்கும் தோன்றும். கட்டண உயர்வு அன்று காலை பதினோரு மணிக்குள் ஹெட் ரைட்டர் மேசையில் ஒரு டஜன் எலி ஜோக்குகள் கிடக்கும். முதலில் வந்த இரண்டு முடிச்சுகளைக் கழித்துவிட்டு மூன்றாவதிலிருந்து எழுதுவது நல்ல பழக்கம்.

பயிற்சியைக் கடிகாரம் வைத்துச் செய்யுங்கள். காலை இரண்டு மணி நேரம், பத்துத் தலைப்புச் செய்திகள், செய்திக்கு இரண்டு வீதம் இருபது ஜோக்குகள். நேரம் முடிந்ததும் நிறுத்திவிடுங்கள். மாலையில் அவற்றை வாய்விட்டுப் படித்து ஐந்தை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். மறுநாள் அதே செய்தியை மேயர்ஸ் எப்படிச் சொன்னார், இன்னொரு தொகுப்பாளரான ஜிம்மி கிம்மெல் எப்படிச் சொன்னார் என்று பக்கத்தில் எழுதி ஒப்பிடுங்கள். உங்கள் ஜோக்கும் அவர்களுடையதும் ஒன்றாக இருந்தால் மகிழ்ச்சிதான், ஆனால் அதை எங்கும் அனுப்பக் கூடாது. திருடியதாகத்தான் தெரியும். மூன்று மாதம் இப்படிச் செய்தால் எந்த மாதிரி செய்தியில் உங்கள் கை ஓடுகிறது, எதில் திணறுகிறது என்று தெரிந்துவிடும். ஆங்கிலம் தடையாக இருக்கும் இடமும் அப்போதுதான் சரியாகப் புலப்படும். பெரும்பாலும் அது இலக்கணமாக இருக்காது. அமெரிக்கர்கள் சின்ன வயதில் சாப்பிட்ட தின்பண்டம், பார்த்த விளம்பரம், பழைய பேஸ்பால் ஆட்டக்காரர் போன்ற பொது நினைவுகளாக இருக்கும். அவற்றை ஒரு நோட்டில் தனியாகச் சேருங்கள். வெளியிலிருந்து வந்தவர் என்பதால் உள்ளூர்க்காரர் கண்ணில் படாதது உங்கள் கண்ணில் படும் என்பதும் உண்மை. ஆனால் எல்லா ஜோக்கையும் "நான் இந்தியாவிலிருந்து வந்தவள்" என்றே தொடங்காதீர்கள். தொகுப்பாளர் அந்த வரியைச் சொல்ல முடியாதல்லவா?

இதுதான் இந்த வேலையின் மையம். நீங்கள் எழுதுவதை இன்னொருவர் தன் குரலில் சொல்லப்போகிறார். மேயர்ஸ் 2015 முதல் மோனோலாக்கையும் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்தே சொல்கிறார். செய்தி வாசிப்பவரின் கச்சிதம் அவர் பாணி. 'டுநைட் ஷோ' தொகுப்பாளர் ஜிம்மி ஃபாலனுக்குப் பாட்டு, விளையாட்டு, பிறர் குரலில் பேசுவது கைவந்த கலை. ஜான் ஆலிவருடையது வாரம் ஒரு முறை வருவது. ஒரே விஷயத்தை இருபது நிமிடம் ஆராய்ந்து பேசுகிறார், அங்கே பத்திரிகைப் பின்னணி உள்ள ஆய்வாளர்களுக்கு எழுத்தாளர்களுக்கு நிகரான வேலை. 'தி டெய்லி ஷோ' வீடியோ துண்டுகளை வைத்து வாதம் கட்டுகிறது. ஒருவருக்கு எழுதிய ஜோக்கை இன்னொருவர் பெயர் போட்டு அனுப்பினால் முதல் பக்கத்திலேயே தெரிந்துவிடும்.

வேலைக்கு விண்ணப்பம் என்பது பேக்கெட். அந்த நிகழ்ச்சிக்கென்றே எழுதிய மாதிரிப் பக்கங்கள். ஒவ்வொரு நிகழ்ச்சியும் தன் தேவையைத் தனியாகச் சொல்லும். வழக்கமாக ஒன்றிரண்டு பக்கம் மோனோலாக் ஜோக்குகள், இரண்டு மூன்று டெஸ்க் பிட் (தொகுப்பாளர் மேசையில் உட்கார்ந்து செய்யும் சிறு நகைச்சுவைப் பகுதி) யோசனைகள், சில சமயம் ஒரு முழு ஸ்கெட்ச், அதாவது குட்டி நகைச்சுவை நாடகம். எழுதித் தர ஒரு வாரம் கிடைக்கலாம், அதற்கும் குறைவாகவும் கிடைக்கலாம். பலர் தடுமாறுவது டெஸ்க் பிட்டில். தலைப்பு, இரண்டு வரியில் கரு, பிறகு நான்கைந்து முழு உதாரணங்கள், திரையில் என்ன படம் வரும் என்ற குறிப்பு. இவ்வளவும் ஒரு பக்கத்துக்குள் அடங்க வேண்டும். கருவை மட்டும் எழுதி "இப்படிப் பல ஜோக்குகள் வரும்" என்று முடித்தால் அதை யாரும் கணக்கில் எடுக்க மாட்டார்கள். பெரிய நடிகர் வந்து நடித்தால்தான் ஓடும், ஹெலிகாப்டர் வேண்டும் என்கிற யோசனைகளையும் தவிருங்கள். தொகுப்பாளர், மேசை, சில படங்கள், இவற்றை வைத்தே அடுத்த வாரமும் அதற்கடுத்த வாரமும் திரும்பச் செய்ய முடிகிற பிட்டைத்தான் ஹெட் ரைட்டர் தேடுகிறார். வாரத்தில் பல நாள் ஒளிபரப்பு நேரத்தை நிரப்ப வேண்டியவர் அவர்.

செய்திகள் அனுப்பும் நாளுக்கு முந்தைய சில நாட்களுக்குள் இருக்கட்டும். ஒரே அரசியல்வாதியைப் பற்றி நான்கு ஜோக்குக்கு மேல் வேண்டாம். மிகச் சிறந்தது முதலில், அடுத்த சிறந்தது கடைசியில். பத்து கேட்டால் பத்தே அனுப்புங்கள். பதினைந்து அனுப்பினால் உங்களுக்குத் தேர்வு செய்யத் தெரியாது என்று பொருள். கூடவே வரும் உரிமைப் படிவத்தில் கையெழுத்துப் போட்டே ஆக வேண்டும். அதே போன்ற யோசனை பின்னால் நிகழ்ச்சியில் வந்தால் வழக்குப் போட மாட்டேன் என்பதுதான் அதன் சாரம்.

இதே சட்டப் பயத்தால்தான், அவர்கள் கேட்காமல் நாமாக அனுப்பும் பேக்கெட்டை எந்த நிகழ்ச்சியும் பிரிப்பதில்லை. அவர்களே கேட்கும்படி ஆவதற்கு வழி ஏஜென்ட், மேனேஜர், அல்லது உங்களை மேடையிலோ இணையத்திலோ பார்த்த ஒரு பணியாளர். ஆக, பார்க்கும்படி இருக்க வேண்டும். சிகாகோவில் 1959 முதல் இயங்கும் செகண்ட் சிட்டி, லாஸ் ஏஞ்சலஸின் கிரவுண்ட்லிங்ஸ் ஆகிய நகைச்சுவை நாடக அரங்குகள் இந்தத் துறைக்கு ஆள் அனுப்பும் நாற்றங்கால்கள். நீங்கள் நியூஜெர்சியில் இருப்பதால் மன்ஹாட்டனின் யுசிபி, மேக்னெட் தியேட்டர் போன்ற நகைச்சுவை அரங்குகள் ரயில் தூரம். ஸ்கெட்ச் எழுதும் வகுப்பு ஒன்றில் சேருங்கள். அங்கே கற்றுத் தருவதைவிடப் பெரிய லாபம், கூடப் படிக்கும் ஆட்கள். அவர்களில் யாரோ ஒருவர் இரண்டு வருடம் கழித்து ஒரு நிகழ்ச்சியில் உதவியாளராக இருப்பார், "பேக்கெட் கேட்கிறார்கள்" என்ற செய்தி அவரிடமிருந்துதான் வரும். பெயரை மறைத்துப் படிக்கும் முறையும் உண்டு. சமந்தா பீ நடத்திய 'ஃபுல் ஃப்ரண்டல்' 2016இல் தொடங்கியபோது எழுத்தாளர்களை அப்படித்தான் தேர்ந்தெடுத்தது. அந்த மாதிரி அழைப்பு வந்தால் பக்கத்தில் எங்கும் உங்கள் பெயர் வராமல் பாருங்கள், ஃபைல் பெயரிலும்.

தயாரிப்புப் பக்கம் சுலபமா என்று கேட்டீர்கள். நுழையும் கதவுகள் அதிகம், அவ்வளவே. என்பிசி சேனலின் 'பேஜ்' என்ற பயிற்சிப் பணித் திட்டம், தயாரிப்பு உதவியாளர், ஆய்வாளர், எழுத்தாளர் அறை உதவியாளர் எனப் பல படிகள் உண்டு. தந்தை வழியில் தமிழரான நடிகையும் எழுத்தாளருமான மிண்டி கேலிங் கல்லூரி நாட்களில் கோனன் ஓ'பிரையனின் 'லேட் நைட்' நிகழ்ச்சியில் பயிற்சி மாணவியாக இருந்தவர். ஆனால் தயாரிப்பை எழுத்துக்கான பின்வாசலாக மட்டும் நினைத்து நுழைந்தால் இரண்டும் கெடும். செக்மென்ட் புரொட்யூசர் வேலையைப் பாருங்கள். விருந்தாளி வருவதற்கு ஓரிரு நாள் முன்பு அவருடன் அரை மணி, முக்கால் மணி பேசி, சொல்லத்தக்க கதைகள் மூன்று நான்கைப் பிடித்து, எந்தக் கேள்வி கேட்டால் எந்தக் கதை வரும் என்று கார்டு எழுதித் தருபவர் அவர். பேட்டி இயல்பாக ஓடுவதாகத் தெரிந்தால் அது அவர் உழைப்பு. கதை கேட்கும் காது உள்ளவருக்கு அருமையான வேலை. கிராபிக்ஸ் ஒருங்கிணைப்பும் அப்படித்தான். ஜோக்குக்குப் படம் வேண்டுமென்றால் எந்தப் படம், அதில் என்ன வாசகம், எழுத்துப்பிழை இல்லாமல், குறித்த நேரத்துக்குள் கேட்டாக வேண்டும். ரிஹர்சலில் ஜோக் மாறினால் படமும் நிமிடங்களில் மாற வேண்டும். கணினி தெரிந்தவர் இந்த இடத்தில் சட்டென்று தேவைப்படுபவராகிவிடுவார்.

இப்போது விசா. உங்களைப் பொறுத்தவரை எல்லாவற்றிலும் பெரிய கேள்வி இதுதான். எஃப்-1 விசா மாணவர்கள் படிக்கும்போது வேலை பார்ப்பதற்கான சிபிடி, பெரும்பாலும் படிப்பு முடிந்த பிறகு வேலை பார்ப்பதற்கான ஓபிடி அனுமதிகள் படிக்கும் துறையோடு நேரடித் தொடர்புள்ள வேலைக்கே செல்லும். கணினி அறிவியல் பட்டத்தை வைத்துக்கொண்டு ஜோக் எழுதும் வேலையை ஓபிடியில் காட்ட முடியாது. ஒரு தொலைக்காட்சி நிறுவனத்தின் மென்பொருள், வீடியோத் தொழில்நுட்பப் பிரிவு வேலை என்றால் காட்டலாம், அதற்கு, அறிவியல், தொழில்நுட்பப் பட்டம் பெற்றவர்களுக்கான 24 மாத ஸ்டெம் நீட்டிப்பும் கேட்கலாம். படிப்பை விட்டால் இந்த வழிகள் அத்தனையும் அடைபடும், அமெரிக்காவில் தங்கும் தகுதியே போய்விடும். எச்-1பி கிடைத்தாலும் அது எந்த நிறுவனத்துக்கோ அந்த வேலைக்கு மட்டும்தான். கலைஞர்களுக்கான ஓ-1பி விசா கிடைக்க, செய்துகாட்டிய பணிகளின் ஆவணம் நிறைய வேண்டும், தொழிற்சங்கத்தின் கருத்துக் கடிதமும் தேவை. அதனால் வகுப்பு, மேடை, வெளியான படைப்பு எல்லாவற்றுக்கும் தேதியோடு ஆதாரம் இப்போதிருந்தே சேருங்கள். பணம் வாங்காமல், யார் வேண்டுமானாலும் ஏறிப் பேசலாம் என்கிற ஓபன் மைக் மேடையில் ஏறுவது ஒன்று. ஐம்பது டாலரானாலும் வாங்கிக்கொண்டு ஏறுவது வேறு, யூடியூப் விளம்பர வருமானமும் அந்தக் கணக்கில் வரும். எதில் கையெழுத்துப் போடும் முன்பும் பல்கலைக்கழகத்தின் சர்வதேச மாணவர் அலுவலகத்தையும் ஒரு குடியேற்ற வழக்கறிஞரையும் கேளுங்கள்.

துறையின் நிலையையும் மறைக்க விரும்பவில்லை. தொகுப்பாளர் ஜேம்ஸ் கார்டன் 2023இல் விலகியதோடு சிபிஎஸ் சேனல் தன் 12.37 மணி பேச்சு நிகழ்ச்சியை முடித்துக்கொண்டது. அந்த இடத்துக்கு வந்த 'ஆஃப்டர் மிட்நைட்' 2025இல் நின்றது. மேயர்ஸ் நிகழ்ச்சி 2024இல் செலவுக் குறைப்பால் தன் இசைக்குழுவை இழந்தது, ஃபாலன் வாரம் நான்கு இரவாகக் குறைந்தார். கோல்பேரின் 'லேட் ஷோ' 2026 மே மாதத்தோடு முடியும் என்று 2025 ஜூலையில் சிபிஎஸ் அறிவித்தது. காரணம் பணம் மட்டுமே என்றது சேனல். அதை நம்பாதவர்கள் ஏராளம். ஒரு நிகழ்ச்சி நின்றால் அனுபவமுள்ள எழுத்தாளர்கள் ஒரே நாளில் சந்தைக்கு வருவார்கள், நீங்கள் போட்டி போட வேண்டியது அவர்களோடு. வேலை கிடைத்தாலும் ஒப்பந்தம் பெரும்பாலும் 13 வாரச் சுற்றுகளாகத்தான் இருக்கும். குறைந்தபட்ச வாரச் சம்பளம் எழுத்தாளர் தொழிற்சங்கமான ரைட்டர்ஸ் கில்டு ஒப்பந்தப்படி வரும், அந்தப் பட்டியலைக் கில்டே வெளியிடுகிறது. 2023 மே 2 முதல் 148 நாள் நடந்த எழுத்தாளர் வேலைநிறுத்தத்தில் முதலில் நின்றுபோனவை இந்த இரவு நிகழ்ச்சிகளே, ஏனென்றால் அன்றன்று எழுதினால்தான் அன்றன்று உண்டு. ஆறு மாதச் செலவுக்குக் கையில் பணம் இல்லாமல் இதில் இறங்காதீர்கள்.

ஒரு காரியம் உடனே செய்யலாம். நியூயார்க் நிகழ்ச்சிகளின் படப்பிடிப்புக்கு டிக்கெட் இலவசம். பதிவு செய்துவிட்டுப் போய் உட்காருங்கள், ஆனால் தொகுப்பாளரைப் பார்க்காதீர்கள். கார்டு பிடிப்பவர் எப்போது மாற்றுகிறார், விளம்பர இடைவேளையில் மேசையைச் சுற்றி யார் வந்து நிற்கிறார்கள், எந்த ஜோக்கை இரண்டாம் முறை எடுத்தார்கள் என்று பாருங்கள். அன்றிரவு வீட்டில் ஒளிபரப்பைப் பார்த்து, அரங்கில் இருந்தது எது திரையில் இல்லை என்று குறியுங்கள். எடிட் செய்பவரின் கணக்கு அதில் தெரியும்.

பெயரைச் சுருக்குவது உங்கள் விருப்பம், தொழிலுக்காகச் சுருக்கத் தேவையில்லை. ஒரே ஒரு விதி: மேடை, இணையம், பேக்கெட், ஒப்பந்தம் எல்லாவற்றிலும் ஒரே பெயர், ஒரே எழுத்துக்கூட்டல். திரையில் வரும் பெயரும் ஓ-1பி விண்ணப்பத்துக்கான ஆதாரங்களும் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும். மேடையில் உங்களை அழைப்பவர் கையில், உச்சரிக்க வேண்டியபடி அசை பிரித்து எழுதிய சீட்டு ஒன்றை முன்கூட்டியே கொடுத்துவிடுங்கள்.